திட்டு எங்கே உட்காருகிறது: வெளிநாட்டு நகைச்சுவைப் படங்களின் தமிழ் டப்பிங்கில் கெட்ட வார்த்தை

ஆங்கில நகைச்சுவைப் படத்தின் வசனப் பட்டியல் கைக்கு வந்ததும் பல மொழிபெயர்ப்புகள் ஒரே மாதிரிதான் தொடங்குகின்றன. கெட்ட வார்த்தை வரும் இடத்தில் கோடு போட்டு, அதற்கு நிகரான தமிழ்ச் சொல்லைத் தேடுகிறார்கள். தமிழ் டப்பிங் சறுக்குவது இந்த முதல் படியில்தான். ஆங்கிலத்தில் எஃப் எழுத்தில் தொடங்கும் அந்தச் சொல் பெயராகவும் வினையாகவும் அடைமொழியாகவும் வெறும் பெருமூச்சாகவும் வரும். அதை மழையோடும் சேர்க்கலாம், காரோடும் சேர்க்கலாம், தொலைந்துபோன சாவியோடும் சேர்க்கலாம். தமிழிலும் உடலுறவு சார்ந்த வசைகளுக்குப் பஞ்சமில்லை. ஆனால் அவற்றில் பெரும்பாலானவை எதிரே நிற்பவனின் தாயையோ உடன்பிறந்தவளையோ குறிவைப்பவை. வாக்கியத்தின் கடைசியில் விளியாக வந்து விழுபவை. நண்பன் காபியைக் கொட்டியதற்கு அவற்றில் ஒன்றை எடுத்துப் போட்டால், அரங்கில் சிரிப்பு வராது. அங்கே கைகலப்பு நடக்கப்போகிறது என்றுதான் பார்ப்பவருக்குத் தோன்றும்.

நிகரான சொல் கிடைக்காதபோது டப்பிங் இரண்டு பக்கம் ஒதுங்குகிறது. ஒன்று, எல்லாவற்றையும் 'முட்டாளே', 'அடக் கடவுளே' என்று கழுவிவிடுவது. இப்படிச் செய்தால் வாய் கிழியத் திட்டும் பாத்திரம் பள்ளி ஆண்டுவிழா நாடகத்தில் பேசுவதுபோல் ஆகிவிடும். மற்றொன்று, பாத்திரம் யாராக இருந்தாலும் 'கசுமாலம்', 'பேமானி' என்று வடசென்னைப் பேச்சை மேலே கொட்டுவது. இரண்டிலும் பிழை ஒன்றே. தமிழ் தன் இலக்கணத்தின் எந்த உறுப்பால் திட்டுகிறது என்று பார்க்காமல், பெயர்ச்சொல்லை மட்டும் தேடியிருக்கிறார்கள்.

வினையில் ஏறும் வசை

தமிழ் தன் எரிச்சலைத் துணைவினையில் வைக்கிறது. 'சொல்லு' என்பதில் கோபம் இல்லை, 'சொல்லித் தொலை' என்பதில் இருக்கிறது. கெட்ட வார்த்தை எதுவும் இல்லாமலே பேசுபவனின் பொறுமை போய்விட்டது என்பது கேட்பவருக்குத் தெரிந்துவிடும். 'வந்து தொலை', 'போய் ஒழி', 'காசக் குடுத்து அழு', 'படிச்சுக் கிழிச்ச' ஆகிய எல்லாம் இந்த வகை. இலக்கண நூல்கள் இவற்றைத் துணைவினை என்ற தலைப்பில் வைத்துவிட்டுப் போய்விடும். வசனம் எழுதுபவருக்கோ எஃப் சொல்லின் அடைமொழிப் பயன்பாட்டுக்கு இதைவிட நேரான மாற்று இல்லை. 'காரில் ஏறு' என்ற கட்டளையின் நடுவே அந்தச் சொல் வந்தால் 'ஏறித் தொல வண்டில' என்று எழுதலாம். கோபத்தில் பேசும் தமிழ் வினையை முன்னால் தள்ளும் என்பதால் இந்த வரிசை இயல்பாகவே ஒலிக்கும்.

துணைவினை பொருந்தாத இடத்தில் முதன்மை வினையையே மாற்றலாம். 'சாப்பிடு' என்பது 'தின்னு' ஆகும், அதற்குக் கீழே 'கொட்டிக்கோ', 'முழுங்கு' என்று இறங்கும். 'பேசு' என்பது 'உளறு', 'ஒப்பாரி வை' ஆகும். 'எழுது' என்பது 'கிறுக்கு' ஆகும். ஆங்கில மூலத்தில் சாதாரண வினையும் ஒரு கெட்ட அடைமொழியும் இருக்கும். தமிழில் இரண்டும் சேர்ந்து ஒரே இழிவினைக்குள் போய்விடும். அசைகளும் மிச்சமாகும். டப்பிங்கில் அது பெரிய லாபம்.

பெயர்ச்சொல்லோடு வரும் எஃப் அடைக்குத் தமிழில் வேறு கருவிகள் உண்டு. ஒன்று எதிரொலிச் சொல். 'சட்டம் கிட்டம்னு பேசாத' என்னும்போது சட்டத்தின் மீதான இளக்காரம் முழுவதும் அந்தக் 'கிட்ட'த்தில் இருக்கிறது. இன்னொன்று 'ஆவது' அடுக்கு: 'மீட்டிங்காவது மண்ணாங்கட்டியாவது'. மூன்றாவது, கேள்விச் சொல்லுக்குப் பின்னால் ஒட்டும் 'எழவு', 'கருமம்', 'கண்றாவி'. ஆங்கிலத்தில் 'வாட் த' என்று தொடங்கும் எல்லா வியப்புகளையும் இந்த மூன்றும் 'டா'வும் தாங்கும். எந்த இடத்தில் எது என்பதைப் பாத்திரத்தின் வயது சொல்லும். 'எழவு' என்று ஒரு தாத்தா சொன்னால் நம்பலாம். பதினாறு வயதுப் பையன் 'என்ன கருமம்டா இது' என்றுதான் சொல்வான்.

இவற்றுக்கெல்லாம் முன்னால் முடிவு செய்ய வேண்டியது நீ, நீங்க என்ற தேர்வு. ஆங்கிலத்தில் முன்னிலைக்கு ஒரே சொல். தமிழ் வசனகர்த்தா முதல் காட்சியிலேயே யார் யாரை எப்படி விளிப்பது என்று முடிவு செய்தாக வேண்டும். அந்த முடிவே திட்டுவதற்கான இருப்பாக மாறுகிறது. முதலாளியை இரண்டு ரீல் முழுக்க 'சார், நீங்க' என்று அழைத்த ஊழியன், வேலையை விடும் காட்சியில் 'யோவ், நீயெல்லாம்' என்று தொடங்கினால் போதும். மூலத்தில் அந்த இடத்தில் நான்கு கெட்ட வார்த்தைகள் இருந்தாலும் அவை செய்யும் வேலையில் பாதிக்கு மேல் இந்த இறக்கமே செய்துவிடும். ஆனால் முதல் காட்சியிலிருந்தே 'நீ' என்று எழுதிவிட்டால் அந்த வாய்ப்பு போய்விடும், பிறகு கெட்ட வார்த்தையைத்தான் தேடி அலைய வேண்டியிருக்கும்.

எழுதுவதற்கு முன் ஒரு பட்டியல்

முதல் பார்வையில் வசனத்தைத் தொடாமல், படத்திலுள்ள ஒவ்வொரு திட்டையும் பட்டியலிடுவது நல்லது. வரிசைக்கு ஆறு விவரங்கள் வேண்டும்: நேரக்குறி, பேசுபவருக்கும் கேட்பவருக்கும் உள்ள உறவு, திட்டு செய்யும் வேலை, ஷாட் எவ்வளவு நெருக்கம், உதடு தெரிகிறதா, இதே சொல் பின்னால் நகைச்சுவையாகத் திரும்பி வருகிறதா. இவற்றில் முக்கியமானது திட்டு செய்யும் வேலை. வெறும் அழுத்தமா, வலியில் வரும் கத்தலா, உண்மையான அவமதிப்பா, நண்பர்களுக்கு இடையிலான செல்லமா, அல்லது அந்தச் சொல்லே ஜோக்கா என்று பிரிக்க வேண்டும். ஒரே ஆங்கிலச் சொல் ஒரே காட்சியில் இந்த ஐந்து வேலைகளையும் செய்யலாம். ஒரே தமிழ்ச் சொல்லை ஐந்து இடத்திலும் போட்டால் நான்கு இடம் பழுதாகும்.

செல்லத் திட்டில் அதிகம் கோட்டை விடுகிறார்கள். நண்பனை 'நாயே', 'எரும' என்று அழைப்பது தமிழில் நெருக்கத்தின் அடையாளம். அங்கே சொல்லின் சூட்டைக் குறைக்கத் தேவையில்லை, குரலின் சூட்டைக் குறைத்தால் போதும். அதே சொல்லை அந்நியன் மீது வீசும்போது குரல் மாற வேண்டும். பட்டியலில் உறவு தனியாகக் குறிக்கப்படாவிட்டால் குரல் கொடுப்பவருக்கு இது தெரிய வழியில்லை. பெரும்பாலான பதிவுகளில் அவர் தன் வரிகளை மட்டும் தனியாக நின்று பேசுகிறார், எதிர்வரி காதில் ஆங்கிலத்தில்தான் ஓடும்.

திரும்பி வரும் சொல்லைத் தவறவிட்டால் ஜோக் முழுவதும் செத்துவிடும். 2015-இல் வந்த அவெஞ்சர்ஸ் படத்தின் தொடக்கச் சண்டையில் அயர்ன் மேன் ஒரு கெட்ட வார்த்தையை உதிர்க்கிறார், கேப்டன் அமெரிக்கா 'பேச்சு!' என்ற பொருளில் கண்டிக்கிறார். பிறகு படம் நெடுக மற்றவர்கள் கேப்டனை அதை வைத்தே கிண்டல் செய்கிறார்கள். முதல் வரியை 'ஐயோ' என்று எழுதிவிட்டால் கண்டிப்புக்குக் காரணமே இல்லை, பின்னால் வரும் கிண்டல்களும் அந்தரத்தில் தொங்கும். இதுபோன்ற இடத்தில் முதல் வரி கொஞ்சம் உறுத்தியே ஆக வேண்டும். 'மயிரு' போன்ற விளிம்புச் சொல் ஒன்றைச் செலவழிக்க இதைவிடத் தகுந்த இடம் கிடையாது. சான்றிதழ் காரணமாக அதுவும் முடியாதென்றால், அந்த வார்த்தையைப் பாதியில் விழுங்க வைத்து 'ம...' என்று நிறுத்தலாம். கண்டிப்பு அப்போதும் பொருந்தும்.

உதடு கேட்கும் கணக்கு

திரைப்படம் வினாடிக்கு 24 பிரேம் ஓடுகிறது, ஒரு பிரேம் சுமார் 42 மில்லி வினாடி. ஒலி படத்தைவிட 45 மில்லி வினாடி முந்தினாலே பார்ப்பவருக்கு உறுத்தத் தொடங்குகிறது, பிந்தினால் 125 மில்லி வினாடி வரை பொறுத்துக்கொள்கிறார் என்பது சர்வதேசத் தொலைத்தொடர்பு ஒன்றியத்தின் ஒளிபரப்புப் பரிந்துரை. டப்பிங்கில் இதன் பொருள் எளியது. வரி ஒரு பிரேமுக்கு மேல் முந்தினால் தெரியும், மூன்று பிரேம் பிந்தினால் பெரிதாகத் தெரியாது. திட்டு வார்த்தைகள் வெடிப்பாகத் தொடங்குபவை என்பதால் முந்துவதுதான் அடிக்கடி நேரும் பிழை. கலைஞர் உணர்ச்சி வேகத்தில் வாயைத் திறந்துவிடுவார், திரையில் உதடு அப்போதும் மூடியே இருக்கும்.

எல்லா ஒலிகளும் கண்ணுக்குத் தெரிவதில்லை. க, த, ட, ச, ன, ல ஆகியவை வாய்க்குள் நடப்பவை, ஒன்றின் இடத்தில் மற்றொன்று இருந்தாலும் யாரும் கண்டுபிடிக்க மாட்டார்கள். ப, ம இரண்டிலும் உதடு ஒட்டும். வ-வில் மேல்பல் கீழுதட்டைத் தொடும். எஃப் ஒலியிலும் அதுவேதான் நடக்கிறது. ஆகவே எஃப் சொல்லின் மேல் விழும் தமிழ் அசை வ-வில் தொடங்கினால் மிக நெருக்கமான ஷாட்டிலும் பொருந்தும். ப, ம இரண்டும் நடுத்தர ஷாட் வரை தாங்கும்.

இந்தக் கணக்கோடு தேடினால் சில நல்ல பொருத்தங்கள் கிடைக்கும். 'வாயை மூடு' என்பதன் நடுவே எஃப் சொல்லைச் செருகும் ஆங்கிலக் கட்டளையில் நான்கு அசை, எஃப் மூன்றாவது அசையில் விழும். 'வாயப் பொத்து' என்பதிலும் நான்கு அசை, 'பொ' மூன்றாவதில் விழும். பொருளும் சூடும் அளவும் மூன்றும் கூடிவருகின்றன. தாயை இழுக்கும் நாலசை வசையில் உதட்டின் வரிசை ம, த, எஃப், க. தமிழில் 'மூதேவிகளா' என்றால் ம, த, வ, க என்று அதே வரிசையில் வந்து ஒரு 'ளா' மட்டும் மிஞ்சும். ஒரு கும்பலைப் பார்த்துத் திட்டும் இடத்துக்கு இது அப்படியே பொருந்தும். ஒருமையில் 'மூதேவி' என்று நிறுத்தி, கடைசி இகரத்தை இரண்டு பிரேம் இழுத்தால் மீதி வாயசைவு மறைந்துவிடும். ஆனால் அந்த வசையின் சூடு இதில் இல்லை, இது பெரியம்மாவும் சொல்லக்கூடிய சொல். சூடு வேண்டிய காட்சிக்கு 'முட்டாப்பயலே' கொஞ்சம் மேல். அதிலும் முதல் அசையிலும் மூன்றாவதிலும் உதடு ஒட்டுகிறது.

பொய்யையும் மலத்தையும் சேர்த்துச் சொல்லும் ஆங்கிலச் சொல் ப-வில் தொடங்கி ல-வுக்குப் போகிறது. 'புளுகு' அதே பாதையில் போகும், 'புருடா'வும் உதவும். வெறும் மலத்தைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லில் உதடு ஒட்டுவதே இல்லை. பொருள் பார்த்து 'போச்சு' என்று எழுதினால் நெருக்கமான ஷாட்டில் உதடு காட்டிக்கொடுத்துவிடும். மாட்டிக்கொண்ட பயத்தில் வருவதாக இருந்தால் 'செத்தேன்', எரிச்சலில் வருவதாக இருந்தால் 'ச்சே'. 'டாம்' என்ற சபிப்பு மூடிய உதட்டில் முடிகிறது, 'கருமம்' என்பதும் அப்படியே முடியும். 'சனியன்' என்று எழுதினால் வாய் திறந்தபடி நின்றுவிடும். அமெரிக்கத் தொலைக்காட்சிகள் தங்கள் மொழியிலேயே இதே வித்தையைச் செய்கின்றன. விமானத்துக்குள் பாம்புகள் புகும் 2006-ஆம் ஆண்டுப் படத்தின் தொலைக்காட்சி வடிவத்தில் தாய் வசையை 'மங்கி ஃபைட்டிங்' என்று மாற்றியது அதனால்தான். பொருள் அபத்தமாகிவிட்டது, ஆனால் ம-வும் எஃப்-உம் இருந்த இடத்திலேயே இருக்கின்றன.

உதட்டைவிடச் சிக்கலானது அழுத்தம். எஃப் சொல் க் என்ற அடைப்பில் டக்கென்று முடிவதால் அதன் அடி கடைசியில் விழுகிறது. தமிழ்ச் சொல் க், ட், த், ப் போன்ற வல்லின மெய்யில் முடியாது, பின்னால் ஓர் உகரமாவது ஒட்டும். ஆகவே அடி நடுவில் இரட்டிக்கும் வல்லினத்தின் மேல்தான் விழ வேண்டும்: பொறுக்கி, தத்தி, எச்சக்கல. மெல்லினமும் இடையினமும் நிறைந்த சொற்களுக்கு, எடுத்துக்காட்டாக 'வெண்ண' என்பதற்கு, அந்த வெடிப்பு கிடையாது. அது ஏளனத்துக்குத்தான் பொருந்தும், கோபத்துக்குப் பொருந்தாது. குரல் இயக்குநர் இதைச் சொல்லாவிட்டால் கலைஞர் கடைசி உயிரை அழுத்துவார், 'பொறுக்கீ' என்று கெஞ்சுவதுபோல் ஒலிக்கும்.

பேசும் முகம் திரும்பியிருக்கும்போது, கேமரா கேட்பவர் மேல் இருக்கும்போது, பாத்திரம் முகமூடி போட்டிருக்கும்போது இந்தக் கணக்கு எதுவும் வேண்டாம். டெட்பூல் படங்கள் டப்பிங் எழுதுபவருக்கு அரிய வாய்ப்பாக இருப்பது இதனால்தான். நாயகனின் வாய் பெரும்பாலான நேரம் துணிக்குள் இருக்கிறது. வரியின் தொடக்கமும் முடிவும் பொருந்தினால் போதும், உள்ளே என்ன வேண்டுமானாலும் எழுதலாம். மற்ற படங்களிலும் முதுகு காட்டும் வரிகளைத் தனியாகக் குறித்து வைத்து, நெருக்கமான ஷாட்டில் மென்மையாக்க வேண்டிவந்த சூட்டை அங்கே ஈடுகட்டலாம். திட்டு அதே காட்சிக்குள் இருந்தால் சரி, அதே வரியில் இருக்க வேண்டிய கட்டாயமில்லை.

ஏணியும் அதன் படிகளும்

நகைச்சுவையில் திட்டு ஏறிக்கொண்டே போக வேண்டும். முதல் பத்து நிமிடத்தில் 'பொறுக்கி' வந்துவிட்டால் கடைசிச் சண்டைக்கு எதுவும் மிஞ்சாது. ஆகவே படத்துக்கென்று ஓர் ஏணியை முன்கூட்டியே வகுத்துக்கொள்வது நல்லது. அடியில் யாரையும் நோக்காத சே, கருமம். அடுத்து மாங்கா, லூசு, தத்தி, வெண்ண. அதற்கு மேல் எரும, பன்னி, சனியனே, மூதேவி. அதற்கும் மேல் பரதேசி, பன்னாட, பொறுக்கி, எச்சக்கல, நாசமாப் போறவனே. உச்சியில் இங்கே அச்சிடாதவை, அவை ஏ சான்றிதழ் வடிவத்துக்கோ ஓடிடிக்கோ மட்டும். ஒவ்வொரு பாத்திரமும் எந்தப் படியில் தொடங்குகிறது, எதைத் தாண்டாது என்று எழுதி வைத்தால் தொடர் படங்களிலும் குரல் மாறாமல் இருக்கும். படியே ஏறாத ஒருவர் படத்தில் ஒருமுறை மட்டும் ஏறினால் அதுவே ஜோக்.

அடுக்கிப் போகும் புதுமை வசைகளுக்கு ஏணி உதவாது. வெளிநாட்டு நகைச்சுவைகளில் ஒரு பழத்தையும் ஓர் உடல் உறுப்பையும் ஒட்டிப் புதுச்சொல் செய்வார்கள். தமிழ்த் திரையில் கவுண்டமணி 'தலையா' என்ற ஒற்றை விகுதிக்கு முன்னால் எதை வேண்டுமானாலும் வைத்து இதைச் செய்துகாட்டினார். அந்த அச்சு இன்னும் தேயவில்லை. ஆனால் அவருடைய வசைகளையே எடுத்துப் போடக்கூடாது. போட்டால் பார்ப்பவருக்குக் கவுண்டமணி தெரிவார், திரையில் இருக்கும் ஆள் மறைந்துவிடுவார். அச்சை மட்டும் எடுத்துக்கொண்டு, படத்தின் உலகத்திலிருந்து பொருளை நிரப்ப வேண்டும். படகில் நடக்கும் கதையென்றால் நங்கூரத்தலையன் ஒருவன் அங்கேயே கிடைப்பான். உழவர் வாழ்வைப் பாடும் பள்ளு இலக்கியத்தில், ஒரே கணவனின் மனைவியரான இரண்டு பள்ளியரும் ஏசிக்கொள்ளும் பகுதிகளைப் படித்தவர்களுக்கு இது புதிதல்ல. ஒருத்தி கும்பிடும் சாமியை மற்றவள் இழுத்து, பதிலுக்குப் பதில் ஏறிக்கொண்டே போவார்கள். திட்டு நீளும்போதுதான் சுவை கூடும் என்று அந்த மரபுக்குத் தெரிந்திருந்தது.

வடசென்னைப் பேச்சைத் திட்டுக்கென்று ஒதுக்கி வைத்திருப்பதை நிறுத்தியாக வேண்டும். லண்டன் வழக்கறிஞன் கோபம் வந்ததும் காசிமேட்டுத் தமிழுக்குத் தாவினால் பாத்திரம் உடைகிறது. உழைக்கும் மக்களின் பேச்சே கெட்ட வார்த்தை என்ற எண்ணத்தையும் அது பரப்புகிறது. படித்த தமிழர் திட்டுவதற்கும் ஒரு நடை இருக்கிறது: குரல் தாழும், 'நீங்க' மறைந்து 'நீ' வரும், வாக்கியம் குறுகும், ஆங்கிலக் கெட்ட வார்த்தையே இடையில் வரும். கடைசி வழியை டப்பிங் அதிகம் பயன்படுத்துவதில்லை. 'ஷிட்', 'ப்ளடி' இரண்டும் நகரத் தமிழில் பழகிய சொற்கள், மாற்றாமல் விட்டால் உதடும் பொருந்தும். பெண் பாத்திரங்களையும் இதே கண்ணோடு பார்க்க வேண்டும். மூலத்தில் தோழிகள் ஆண்களுக்குச் சமமாகத் திட்டிக்கொள்ளும் காட்சியில், தமிழில் ஆண்களுக்கு 'பன்னாட'யும் பெண்களுக்கு 'ச்சீ, போடி'யும் கொடுத்தால் அந்தக் காட்சி எதற்காக எடுக்கப்பட்டதோ அதுவே காணாமல் போகிறது.

கையில் எளிதாக அகப்படும் சில சொற்களைத் தொடவே கூடாது. 'சண்டாளா' தமிழ்நாட்டுப் பட்டியல் சாதிகளின் அரசுப் பட்டியலில் உள்ள ஒரு சாதியின் பெயரோடு ஒட்டியது. 'கேப்மாரி' பிரிட்டிஷ் ஆட்சி குற்றப் பரம்பரை என்று முத்திரை குத்திய ஒரு சமூகத்தின் பெயர், சீர்மரபினர் பட்டியலில் இன்றும் இருக்கிறது. மூலத்தில் இருப்பது யாரையும் குறிக்காத வெறும் எரிச்சல். தமிழில் ஒரு சமூகத்தின் பெயரை வைத்தால் இல்லாத காயம் ஒன்றைப் புதிதாக உண்டாக்குகிறோம். திருநங்கையரைக் குறிக்கும் ஏளனப் பெயர்களும், நொண்டி, செவிடு போன்றவையும் அப்படியே. மாற்றுத்திறனாளிகளைத் திரையில் காட்டும் விதம் பற்றி உச்ச நீதிமன்றம் 2024 ஜூலையில் வழிகாட்டு நெறிகளை வகுத்தது, இழிவுபடுத்தும் சொற்கள் அதில் நேராகப் பேசப்படுகின்றன. மூலப் பாத்திரம் இனவெறியனாகவோ வெறுப்பு கக்குபவனாகவோ எழுதப்பட்டு, அதைப் படமே கண்டிக்கும் இடம் மட்டும் விதிவிலக்கு. அங்கே சொல்லை மென்மையாக்குவது அவனுக்குச் செய்யும் உதவியாகிவிடும்.

சான்றிதழ் மேசையில்

1952-ஆம் ஆண்டு ஒளிப்பதிவுச் சட்டத்தின் கீழ், டப்பிங் வடிவம் தனியாகச் சான்றிதழ் பெற வேண்டும். ஆங்கில வடிவத்துக்குக் கிடைத்தது தமிழுக்கு தானாக வராது. மத்தியத் திரைப்படச் சான்றிதழ் வாரியம் பின்பற்றும் 1991-ஆம் ஆண்டு வழிகாட்டு நெறிகளில் இரண்டு பிரிவுகள் இந்த வேலையைத் தொடுகின்றன. ஒன்று ஆபாசமும் இழிவும் மனத்தைப் புண்படுத்தக் கூடாது என்பது. மற்றொன்று கீழான உணர்வைத் தூண்டும் இரட்டை அர்த்தச் சொற்களை அனுமதிக்கக் கூடாது என்பது. கெட்ட வார்த்தையைத் தவிர்க்க இரட்டை அர்த்தத்துக்குத் தாவும் வசனகர்த்தா இரண்டாவது பிரிவில் மாட்டுகிறார். தமிழில் அதற்கு ஒரு வசனமே தேவையில்லை, செயப்படுபொருளை விட்டுவிட்டாலே போதும். 'வாய மூடிட்டுப் போ' என்பதில் சிக்கலில்லை. 'மூடிட்டுப் போ' என்றால் எதை என்று கேட்பவர் நிரப்பிக்கொள்கிறார். மூலத்தில் வெறும் கோபமாக இருந்தது தமிழில் ஆபாசமாகிவிடும். தொல்காப்பியம் 'அவையல் கிளவி மறைத்தனர் கிளத்தல்' என்றது, அதாவது அவையில் சொல்லத் தகாத சொல்லை மறைத்துச் சொல்ல வேண்டும். மறைத்துச் சொல்லும் வழிகளே நாளடைவில் புதிய அவையல் கிளவிகளாகிவிடுவதும் தமிழில் நடந்துகொண்டே இருக்கிறது.

எந்தச் சான்றிதழுக்குப் போகிறோம் என்பதை எழுதத் தொடங்கும் முன்பே வினியோகஸ்தரிடம் கேட்டுவிட வேண்டும். 2023-ஆம் ஆண்டுத் திருத்தம் யு/ஏ சான்றிதழை 7+, 13+, 16+ என்று மூன்றாகப் பிரித்ததால், ஏணியில் எந்தப் படி வரை ஏறலாம் என்று முன்பைவிடத் தெளிவாகத் திட்டமிடலாம். 2024 ஜூலையில் தமிழிலும் வெளியான 'டெட்பூல் அண்ட் வுல்வரின்' ஏ சான்றிதழோடு வந்தது. அப்படி வந்தால் அரங்கில் இடம் கிடைக்கும், ஆனால் அதே வடிவத்தைத் தொலைக்காட்சியில் போட முடியாது. அதற்குத் தனியாக வெட்டிச் சான்றிதழ் வாங்க வேண்டும். ஓடிடிக்கு வாரியச் சான்றிதழ் தேவையில்லை. 2021-ஆம் ஆண்டு தகவல் தொழில்நுட்ப விதிகளின்படி தளமே வயது வகையைக் குறித்துக்கொள்கிறது. ஆக ஒரே படத்துக்கு மூன்று சூட்டில் வசனம் வேண்டும்.

வாரியம் ஒரு சொல்லை நீக்கச் சொன்னால் ஒலியை அடைக்க வேண்டும் அல்லது வேறு சொல் வைக்க வேண்டும். மிக்சிங் முடிந்த ஒரே தடத்தில் அடைத்தால் பின்னணி இசையும் கூடவே அறுந்து, அரங்கில் ஒரு பள்ளம் விழும். எல்லோரும் அந்த இடத்தில் என்ன சொல் என்று யோசிப்பார்கள், அடுத்த ஜோக் காதில் ஏறாது. வசனத் தடமும், இசையும் பின்னணி ஒலியும் கொண்ட எம் அண்ட் ஈ தடமும் தனித்தனியாகக் காப்பில் இருந்தால் குரலை மட்டும் எடுத்துவிடலாம். அதைவிடவும் மாற்றுச் சொல்லே மேல். ஆனால் சான்றிதழ்க் குறிப்பு வந்தபின் கலைஞரைத் திரும்ப அழைத்து ஒரு சொல்லை மட்டும் பேச வைத்தால் அது ஒட்டாது. மைக்குக்கும் வாய்க்கும் உள்ள தூரம் மாறியிருக்கும், அன்றைய கத்தலின் கரகரப்பு இருக்காது.

இதைத் தவிர்க்க மாற்று டேக்கை அன்றே எடுக்க வேண்டும். பட்டியலில் மேல் இரண்டு படியில் உள்ள ஒவ்வொரு வரிக்கும் மூன்று வடிவம் எழுதி, முதலில் சூடு குறைந்ததையும் கடைசியில் சூடு கூடியதையும் பதிவு செய்வது நல்லது. தொண்டையைக் கிழிக்கும் டேக் முதலில் வந்தால் பின்னால் வருபவை தளர்ந்துவிடும். சொல்லை மட்டும் தனியாக எடுக்காமல் முழு வரியையும் மூன்று முறை எடுக்க வேண்டும், ஏனென்றால் சூடு மாறினால் முன்னால் வரும் சொற்களின் வேகமும் மாறும். கோப்பின் பெயரிலேயே நேரக்குறியும் அரங்கு, தொலைக்காட்சி, ஓடிடி என்ற அடையாளமும் இருக்கட்டும். மிக்சிங் அறையில் இருப்பவர் தமிழ் தெரியாதவராக இருந்தாலும் சரியான டேக்கை எடுத்துப் போட அதுவே போதும்.